நான்காம் ஸ்தலத்து வசனம்

மரக்காணத்து உப்பளத்துக்குத் தெற்கே, அந்தோணியார் கோயில் தெருவில், சகாயராஜ் வீட்டில் நான்கு பேர் இருந்தார்கள். அதில் மூன்று பேர் கலைஞர்கள். மிச்சமிருந்த ஒருத்தி வினோதினி.

யாரும் இதைக் குத்திக்காட்டுவதற்காகச் சொல்வதில்லை. ரேஷன் கார்டில் உள்ள விவரம் மாதிரி சாதாரணமாகத்தான் சொல்வார்கள். வெளியூர் விருந்தாளி யாராவது வந்தால், "அப்பா எழுதுவாரு, அம்மா பாடும், பையன் நடிப்பான்" என்று தெருவே அறிமுகம் செய்துவைக்கும். "இந்தப் பொண்ணு?" என்று விருந்தாளி கேட்டால், "அது படிக்குது" என்பார்கள். படிப்பு ஏதோ காய்ச்சல் போலவும், நாலு நாளில் இறங்கிவிடும் போலவும் இருக்கும் அந்தப் பதில்.

சகாயராஜ் வருஷத்தில் முக்கால்வாசி நாள் உப்புப் பாத்தியில் நிற்கிறவர். ஆனால் அவரைக் கேட்டால் உப்பு வாருவது பொழுதுபோக்கு, எழுதுவதுதான் தொழில் என்பார். பெரிய வெள்ளிக்கிழமை மத்தியானம் நடக்கும் சிலுவைப்பாதைக்கு இருபத்திரண்டு வருஷமாக அவர்தான் கதை, வசனம், இயக்கம். கதை ஏற்கெனவே இருக்கிறதே என்று கேட்கக் கூடாது. கேட்டவர்கள் யாரும் அடுத்த வருஷம் ரோமப் படைவீரன் வேஷம்கூட வாங்கியதில்லை.

அந்தச் சிலுவைப்பாதைக்கு மேடை கிடையாது. கோயிலில் கிளம்பி, உப்பளச் சாலை வழியே 'ஸ்தலம்' என்கிற பதினான்கு இடங்களில் நின்று நின்று நடக்கிற நாடகம் அது. முள்முடியும் சிலுவையும் சுமந்து நடக்கிறவன் கையில் மைக்கையும் கொடுக்க முடியுமா? அதனால் நடிக்கிறவர்கள் நடிக்க மட்டும் செய்வார்கள். குரல் எல்லாம் பின்னால் வருகிற மூன்று சக்கர வண்டியிலிருந்து வரும். வண்டியில் சேட்டு சவுண்ட் சர்வீசின் ஆம்பிளிஃபயர், கார் பேட்டரி, இரண்டு குழாய் ஸ்பீக்கர், ஓரமாக சகாயராஜும் அவர் மனைவி அற்புதமேரியும். ஆண் குரல் அத்தனையும் அவர், பெண் குரல் அத்தனையும் அந்தம்மா. பிலாத்து கேள்வி கேட்பதும் இயேசு பதில் சொல்வதும் ஒரே தொண்டைதான். கேள்விக்கு இடப்பக்கமும் பதிலுக்கு வலப்பக்கமும் திரும்பிக்கொள்வார்.

மகன் மணிவண்ணன்தான் நான்கு வருஷமாக இயேசு. புதுச்சேரியில் ஒரு செல்போன் கடையில் வேலை. புதுவருஷம் பிறந்ததும் முடியும் தாடியும் வளர்க்க ஆரம்பித்துவிடுவான். ரீசார்ஜ் செய்ய வருகிற கிழவிகள் இவனைப் பார்த்துக் கும்பிடுகிறார்கள் என்று முதலாளி வருஷா வருஷம் திட்டுவார். மாதாவாக வருகிறவள் முத்தம்மாள், சகாயராஜோடு அதே பாத்தியில் உப்பு வாருகிறவள். அவளுக்குக் குலதெய்வம் மாரியம்மன். ஆனால் கிளிசரின் இல்லாமல் அழுகிற ஆள் இந்தத் தாலுக்காவிலேயே முத்தம்மாள்தான் என்று சகாயராஜ் பத்து வருஷத்துக்கு முன்பே முடிவு செய்துவிட்டார். ஃபாதரும் மறுப்புச் சொல்லவில்லை.

வினோதினிக்கும் வாய்ப்புக் கொடுக்காமல் இல்லை. ஆறு வயதில் சிறகு கட்டிச் சம்மனசாக, அதாவது தேவதூதனாக நிறுத்தினார்கள். ஒலிவ மலையில் ஆண்டவர் இரத்த வியர்வை சிந்தும்போது, வேடிக்கை பார்க்கிற கூட்டத்தில் இருந்த சிநேகிதிக்குச் சம்மனசு கையசைத்தது. பதின்மூன்று வயதில் வெரோணிக்காள். ஆண்டவரின் முகம் பதிந்த துணியைத் தலைகீழாக விரித்துக் காட்டினாள். அதற்குப் பிறகு பாட்டுக் குழுவில் சேர்த்தபோது, "நீ வாய மட்டும் அசம்மா, போதும்" என்று பெற்ற தாயே சொல்லிவிட்டாள். கடைசியில் வண்டியில் அப்பாவுக்குப் பக்கம் எடுத்துக் கொடுக்கிற வேலை கிடைத்தது. அதில் மட்டும் இதுவரை எந்தப் புகாரும் இல்லை.

ஆனால் அவளுக்கும் ஆசை இருந்தது. பஸ்ஸில், ரேஷன் கடையில், உப்பு லாரி நிற்கிற இடத்தில் ஜனங்கள் பேசுவதைக் கல்லூரி நோட்டின் கடைசிப் பக்கங்களில் அப்படியே எழுதிவைப்பாள். போன வருஷம் ஒருநாள் துணிந்து, மூன்று பக்கத்தில் ஒரு சின்ன நாடகம் எழுதி அப்பாவிடம் கொடுத்தாள். அவர் இரண்டு நாள் வைத்திருந்து திருப்பிக் கொடுத்தார். 'வூடு' என்று இருந்த இடமெல்லாம் 'இல்லம்' ஆகியிருந்தது. 'துன்னியா' என்பது 'உண்டனையோ' ஆகியிருந்தது. அவருடைய மைப்பேனாவால் கீழே, "பேசுவது வேறு, வசனம் வேறு மகளே" என்று அன்பாகவே எழுதியிருந்தார். அந்த அன்புதான் அவளைப் படுத்திவிட்டது. திட்டியிருந்தால் சண்டையாவது போட்டிருப்பாள்.

கலை இல்லாத பிள்ளைக்கு ஒரு நல்ல உத்தியோகமாவது வேண்டும் என்று சகாயராஜ் பாவம், அலைந்து திரிந்து, திண்டிவனத்தில் ஆசிரியப் பயிற்சிக்கு இடம் பேசி வைத்திருந்தார். பி.ஏ. பரீட்சை முடிந்ததும் ஜூன் மாதம் போய்ச் சேர வேண்டியது. வினோதினி தலையை ஆட்டியிருந்தாள். எழுதத்தான் போகிறேன் என்று சொல்ல அவளிடம் காட்டுவதற்கு இருந்தது, அப்பா திருத்திக் கொடுத்த அந்த மூன்று பக்கம்தான்.

அந்த வருஷம், 2006இல், தவக்காலம் நாற்பது நாளும் அற்புதமேரி வீடு வீடாகப் போய் ஒப்பாரிப் பாடல் பாடினாள். பெரிய வியாழன் காலையில் எழுந்து காப்பி கேட்டாள். காற்றுதான் வந்தது. வெந்நீர், மிளகு, பனங்கற்கண்டு, பிரம்மதேசத்து வைத்தியரின் சூரணம் என்று எல்லாம் கொடுத்துப் பார்த்தார்கள். சாயங்காலம் காற்றும் நின்றுவிட்டது.

"இப்ப மாதாவுக்கு யாரு பேசுறது?" என்று மணிவண்ணன் கேட்டான்.

சகாயராஜ் வீட்டைச் சுற்றி ஒரு பார்வை பார்த்தார். பார்வை வினோதினியைத் தாண்டிப் போய், சுவரில் முட்டி, வேறு வழியில்லாமல் திரும்பி வந்தது.

"நடிக்க வேணாம். பாடவும் வேணாம். இருக்கறத இருக்கற மாதிரி படிச்சாப் போதும்" என்று நான்காம் ஸ்தலத்தின் மூன்று தாள்களை எடுத்து அவளிடம் நீட்டினார். சிலுவை சுமந்து போகிற மகனைத் தாய் வழியில் சந்திக்கிற இடம் அது. சகாயராஜின் எழுத்திலேயே அதுதான் உச்சம் என்று சகாயராஜே சொல்லியிருக்கிறார். "ராத்திரிக்குள்ள மனப்பாடம் பண்ணிடு."

'அந்தோ! ஆருயிர் மைந்தா! நின் மலர்வதனம் வாடியதென்னே! மணிமுடி தரிக்க வேண்டிய சென்னியில் முள்முடி தரித்த வன்னெஞ்சர் யாவரோ!' என்று ஆரம்பித்து மூன்று தாளுக்கு ஓடியது. வினோதினி உண்மையாகவே முயற்சி செய்தாள். 'அந்தோ' மனதில் நின்றது. 'ஆருயிர் மைந்தா'வும் நின்றது. அதற்கு மேல் போனால் வதனமும் சென்னியும் இடம் மாறி உட்கார்ந்துகொண்டன. சரி, தாளைப் பார்த்துத்தானே படிக்கப் போகிறோம் என்று ஜன்னல் கட்டையில் தாள்களை விரித்துவைத்தாள். கடல் காற்று அள்ளிக்கொண்டு போகாமல் இருக்க, அப்பா அன்றைக்குத்தான் பாத்தியிலிருந்து எடுத்துவந்த உப்புக் கட்டி ஒன்றை மேலே வைத்துவிட்டுப் படுத்தாள்.

அந்தத் தெருவில் எந்த வீட்டிலும் காகிதத்தின் மேல் உப்புக் கட்டிதான் வைப்பார்கள். கல்யாணப் பத்திரிகை, கரண்ட் பில் எதுவானாலும் அப்படித்தான். ஆனால் நன்றாகக் காய்ந்த உப்பாகப் பார்த்து வைப்பார்கள். புது உப்பு என்றால் கடல் காற்று பட்டதும் வேர்த்துக் கொட்டும் என்பது தெருவில் தவழ்கிற குழந்தைக்குக்கூடத் தெரியும். வினோதினிக்கும் தெரியும். அன்றைக்கு அவள் தலைக்குள் வன்னெஞ்சர் உட்கார்ந்திருந்ததால் தோன்றவில்லை. காலையில் அவசர அவசரமாக வந்து, வெயிலில் மொரமொரப்பாகிக் கிடந்த தாள்களை ஏறிட்டும் பார்க்காமலே மடித்து ஃபைலில் சொருகிக்கொண்டாள்.

பெரிய வெள்ளி மத்தியானம் இரண்டு மணிக்கு உப்பளச் சாலையில் நிற்கிறவர்களுக்குத் தனியாக ஆண்டவர் பட்ட பாடுகளின் தியானம் தேவையில்லை. மேலே வெயில், கீழே தார், இரண்டு பக்கமும் கண்ணைப் பறிக்கிற வெள்ளை உப்பு. கீழ்புத்துப்பட்டு வரைக்கும் உள்ள ஊர்களிலிருந்து ஜனங்கள் வந்திருந்தார்கள். மூன்று ஸ்தலங்கள் சுமுகமாக முடிந்தன. மணிவண்ணன் முதல் தடவை விழவேண்டிய இடத்தில் நன்றாகவே விழுந்தான். சகாயராஜ் பிலாத்தாகக் கர்ஜித்து, யூதக் கூட்டமாக ஆர்ப்பரித்து, ஆண்டவராக மௌனம் காத்து, தண்ணீர் குடித்தார்.

"நான்காம் ஸ்தலம்!" என்று அறிவித்துவிட்டு மைக்கை மகளிடம் கொடுத்தார். முன்னால் முத்தம்மாள் நீலச் சேலைத் தலைப்போடு ஓடிவந்து மகனுக்கு எதிரே மண்டியிட்டாள். வினோதினி தாள்களைப் பிரித்தாள்.

எழுத்து இல்லை. மூன்று தாளிலும் இளநீலமாக ஒரு குளம் பரவியிருந்தது. குளத்தின் கரையில் 'யாவரோ' என்ற ஒரே வார்த்தை மட்டும் தப்பிப் பிழைத்திருந்தது.

கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அப்பாவுக்கு எல்லாம் மனப்பாடம். ஆனால் அவர் வண்டிக்கு அந்தப் பக்கம் இறங்கி நிற்கிறார், மைக் ஆனில் இருக்கிறது. இங்கே ஒரு கிசுகிசு சொன்னால் அது இரண்டு குழாயிலும் மரக்காணம் பஸ் ஸ்டாண்டு வரை கேட்கும். ஐந்நூறு பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். முத்தம்மாள் இரண்டு கையையும் விரித்தபடி, வசனம் வந்தால் அழலாம் என்று காத்திருக்கிறாள்.

"அந்தோ..." என்றாள் வினோதினி. குழாய்களும் அந்தோ என்றன. அதோடு நின்றது.

அப்போதுதான் அவள் மணிவண்ணனின் காலைப் பார்த்தாள். கொதிக்கிற தாரில் வெறுங்காலோடு நின்றிருந்தான். குதிகாலைத் தரையில் வைக்க முடியாமல், ஒரு காலை மாற்றி ஒரு காலைத் தூக்கிக்கொண்டிருந்தான். இயேசுவுக்கு அப்படியொரு அசைவு எழுதப்படவில்லை. அது அவளுடைய அண்ணனின் கால்.

"டேய்... காலு சுடலயாடா உனக்கு?"

அவள்தான் கேட்டாள். யோசித்துக் கேட்கவில்லை, வாய் கேட்டுவிட்டது. விரித்த கையோடு இருந்த முத்தம்மாள் குனிந்து அந்தக் காலைப் பார்த்தாள். நிஜமாகவே பார்த்தாள்.

"செருப்பு எங்கடா? போட்டுக்கினுதான போன? எவனுக்குக் கழட்டிக் குடுத்த? உனக்கு எப்பவும் இதே வேலதான். எவனாச்சும் இல்லன்னு நின்னாப் போதும், இருக்கறதக் கழட்டிக் குடுத்துட்டு வந்து நிப்ப."

கூட்டத்தில் யாரோ ஒரு பெண் சிரித்தாள். சிரிப்பு பாதியில் விம்மலாக மாறியது. முத்தம்மாள் சேலைத் தலைப்பை இழுத்து மகனின் பாதங்களுக்கு அடியில் விரிக்கப் பார்த்தாள். ரோமப் படைவீரன் ஒருவன் அவளைத் தள்ள வேண்டிய இடம் அது. அவன் ஈட்டியைப் பிடித்துக்கொண்டு மூக்கை உறிஞ்சினான்.

"சோறு ஆக்கி வச்சிக்கினு குந்திக்கினு இருந்தேன். நீ வரல. ஊர்ல என்னென்னமோ சொன்னாங்க. அவன் அப்படிப்பட்ட புள்ள இல்லன்னு சொன்னேன். யாரு கேட்டா?" வினோதினிக்குக் குரல் உடைந்தது. மூச்சு வாங்கிக்கொண்டு நின்றாள். ஸ்பீக்கரில் அந்த மூச்சும் கேட்டது. பிறகு மெதுவாகச் சொன்னாள்: "குடு. ஒரு பக்கம் நான் புடிச்சிக்கிறேன். கொஞ்ச தூரந்தான். யாரும் பாக்க மாட்டாங்க. குடுறா."

முத்தம்மாள் எழுந்து சிலுவைக்குத் தோளைக் கொடுத்தாள். இது எந்த ஒத்திகையிலும் இல்லாதது. ஐந்தாம் ஸ்தலத்தில் சிலுவையைத் தூக்குவதற்காக ஐம்பது அடி தள்ளி நின்ற சீமோன், அதாவது மெக்கானிக் அர்ச்சுனன், "அப்ப நான் எதுக்கு?" என்று பக்கத்து ஆளைக் கேட்டான். பக்கத்து ஆள் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தான். சாலையின் இரண்டு பக்கமும் ஜனங்கள் அழுதுகொண்டிருந்தார்கள். சிறு அழுகை இல்லை. பெண்கள் வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டு அழுதார்கள்.

சகாயராஜ் மைக்கைப் பிடுங்கினார். இருபத்திரண்டு வருஷ அனுபவம் சும்மாவா? நிற்கிற இடத்திலிருந்து நாடகத்தைத் தூக்கி நிறுத்த வலப்பக்கம் திரும்பி, எழுதிய பதிலை எழுதியபடியே முழங்கினார்: "அன்னையே! அயர்தல் தவிர்ப்பீர்! விண்ணகத் தந்தையின் திருவுளம் நிறைவேறுக!"

"அந்தம்மா கேக்குறதுக்கு மொதல்ல பதில் சொல்லுப்பா" என்றது கூட்டத்திலிருந்து ஒரு கிழக்குரல்.

அது சகாயராஜின் காதில் விழுந்தது. அவர் முகம் போன போக்கை வினோதினி பார்த்தாள்.

மீதி பத்து ஸ்தலமும் நடந்தன. எல்லாம் முடிந்து கோயில் வாசலில் நிற்கும்போது, வழக்கம்போல் சகாயராஜ் மைக்கை எடுத்துப் பெயர்களைப் படித்தார். ஒலி அமைப்பு சேட்டு, உடை அற்புதமேரி, கதை வசனம் இயக்கம் உங்கள் சகாயராஜ். படித்து முடித்தும் மைக்கை வைக்கவில்லை.

"ஒரு முக்கிய அறிவிப்பு. நான்காம் ஸ்தலத்தில் இடம்பெற்ற வசனம் என்னுடையது அல்ல. அது என் மகள் ஆரோக்கிய வினோதினியுடையது. அதற்கு நான் எவ்வகையிலும் பொறுப்பல்ல!"

பழியைக் கழற்றி அவள் தலையில் வைக்கத்தான் அப்படிச் சொன்னார். கூட்டம் கைதட்டிவிட்டது. பெரிய வெள்ளிக்கிழமை கோயில் மணியே அடிக்கக் கூடாது என்று மரக்கட்டையைத் தட்டுகிற நாள். ஃபாதர் இரண்டு கையையும் தூக்கி அமர்த்தப் பார்த்தார், கைதட்டல் அடங்க நேரம் பிடித்தது. சகாயராஜ் மைக்கை வைத்துவிட்டு யாரோடும் பேசாமல் வீட்டுக்குப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு அந்த வீட்டில் மூன்று நாள் பேசியது டி.வி. மட்டும்தான். அற்புதமேரியால் பேச முடியாது. சகாயராஜ் மகளோடு பேசமாட்டார். மணிவண்ணன் காலில் களிம்பு போட்டுக்கொண்டு தூங்கினான். சனிக்கிழமை வினோதினி நீலம் பாய்ந்த தாள்களைக் கொண்டுபோய் அப்பா முன்னால் வைத்து, "புது உப்புக் கட்டிய வச்சிட்டேன்பா. வேணும்னு பண்ணல" என்றாள். அவர் தாள்களை எடுத்துப் பார்த்தார், மடித்தார், பெட்டியில் வைத்தார். திட்டு வரும் என்று நின்றாள். அதுவும் வரவில்லை.

போதாக்குறைக்கு டீக்கடை சக்கரபாணி, ஈஸ்டர் அன்று காலையில் எல்லார் முன்னாலும், "ஏம்பா சகாயராஜ், இந்த வருஷந்தாம்பா எங்களுக்கு நல்லாப் புரிஞ்சுது" என்று மனதாரப் பாராட்டியிருக்கிறார். சகாயராஜ் பாதி டீயை வைத்துவிட்டு எழுந்து வந்தார். வீட்டுக்கு வந்து, வினோதினியின் காதில் விழும்படி மகனிடம் சொன்னார்: "வசனம்ன்றது உக்காந்து யோசிச்சு எழுதறதுடா. வாயில வர்றதெல்லாம் வசனம்னா, சந்தையில எல்லாரும் புலவர்தான்."

வினோதினிக்கு அழுகையாக வந்தது. அவர் சொன்னது தப்பு என்று அவளால் அடித்துச் சொல்ல முடியவில்லை. அவள் என்ன உட்கார்ந்து எழுதினாளா? ஓர் உப்புக் கட்டி செய்த வேலை அது. ஆனாலும் ஐந்நூறு பேர் அழுதார்களே. அப்பாவுக்கு மட்டும் அது ஒன்றுமே இல்லையா?

செவ்வாய்க்கிழமை காலை ஒன்பது மணிக்கு வாசலில் ஒரு ஸ்கூட்டி வந்து நின்றது. ஹெல்மெட்டைக் கழற்றியவள் தன் பெயர் பிரியதர்ஷினி என்றாள். புதுச்சேரியில் ஒரு நாடகக் குழு, கரையோர ஊர்களில் தெருநாடகம் போடுகிறார்கள். சுனாமி அலை வந்து போன இந்த ஒன்றேகால் வருஷத்தில் அந்தக் கரைக்கு வராத ஜீப் இல்லை, கொடுக்காத டி-ஷர்ட் இல்லை. இவளும் அந்த வகையோ என்று தெரு எட்டிப் பார்த்தது.

"வெள்ளிக்கிழமை நானும் கூட்டத்துல நின்னேங்க. நாலாவது எடத்துல பேசுனது யாரு?"

தெரு முழுக்க வினோதினியைக் கைகாட்டியது.

"எங்க குழுவுல நடிக்க ஆளு இருக்குது, பாட ஆளு இருக்குது. எழுதத்தான் ஆளு இல்ல. எங்க நாடகத்துல மீன் விக்கிற அம்மா வாயத் தொறந்தா, மீன் விக்கிறவங்களே சிரிக்கிறாங்க. நீங்க வர்றீங்களா? வேலதான், மாசச் சம்பளம் உண்டு. இன்னிக்கு சாயங்காலம் குழு கூடுது. நீங்க அன்னிக்குப் பேசுனத ஒரு தாள்ல எழுதிக் குடுத்தீங்கன்னா படிச்சுக் காட்டிடுவேன். அவங்களும் சரின்னுட்டா முடிஞ்சுது."

உள்ளே சட்டை மாட்டிக்கொண்டிருந்த சகாயராஜ், "அவளுக்கு ஜூன்ல டீச்சர் டிரெயினிங்" என்றார் சுவரைப் பார்த்து. மூன்று நாளில் மகளைப் பற்றி அவர் நேராகப் பேசிய முதல் வார்த்தை.

வினோதினி ஒரு நோட்டை எடுத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்தாள். இது ஒன்றுதான் வழி, இப்போது விட்டால் வராது என்று அவளுக்குத் தெரிந்தது. 'டேய், காலு சுடலயாடா உனக்கு' என்று எழுதினாள். அடுத்தது செருப்பு. செருப்புக்கு அப்புறம்? நெற்றி வேர்த்தது. அன்றைக்கு என்ன சொன்னோம் என்று தலையைப் பிய்த்துக்கொண்டாலும் வரவில்லை. சொன்னது அவள் வாய், கேட்டது ஊர். அவள் காதில் அன்றைக்கு இதயம் அடித்தது மட்டும்தான் விழுந்தது.

"நான் சொல்றேன், எழுதிக்கோ" என்று வாசற்படியில் வந்து உட்கார்ந்தாள் முத்தம்மாள். "'ஏன்டா, உனக்காக நண்டுக் குழம்பு வச்சேனே'ன்னு கேட்ட."

"நண்டுலாம் இல்ல, இட்லி" என்றான் வயர் சுற்றிக்கொண்டு போன சேட்டு. "மைக் என்னுது. எனக்குத் தெரியாதா?"

"சோறுதான்" என்றான் மணிவண்ணன். "ஆனா என்னா சொன்னான்னு தெரியல. எனக்குக் காலு எரிஞ்சுது."

"'கல்யாணம் பண்ணிக்கோன்னு சொன்னா கேட்டியா'ன்னு ஒண்ணு வந்துது பாரு, அங்கதான் நான் அழுதேன்" என்றாள் எதிர்வீட்டு மாரியம்மாள். அப்படி ஒன்று வரவே இல்லை. தெருவில் ஒவ்வொருவர் மனதிலும் ஒவ்வொரு தாய் பேசியிருந்தாள். பிரியதர்ஷினி மணியைப் பார்த்தாள். வினோதினியின் நோட்டில் ஒன்றரை வரிதான் இருந்தது. மூன்றாவது தடவையாக அதையும் அடித்துவிட்டு, "எனக்கு எழுத வரலக்கா. அன்னிக்கு என்னமோ வந்துடுச்சு, அவ்ளோதான்" என்றாள். சொல்லும்போதே கண் நிறைந்துவிட்டது.

"'எவனுக்குக் கழட்டிக் குடுத்த.'"

உள்ளேயிருந்துதான் வந்தது. எல்லோரும் திரும்பினார்கள். சகாயராஜ் சட்டைப் பொத்தானில் கைவைத்தபடி, இன்னும் சுவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"'உனக்கு எப்பவும் இதே வேலதான். எவனாச்சும் இல்லன்னு நின்னாப் போதும், இருக்கறதக் கழட்டிக் குடுத்துட்டு வந்து நிப்ப.' எழுது."

வினோதினி எழுதினாள். அவர் இடப்பக்கமும் திரும்பவில்லை, வலப்பக்கமும் திரும்பவில்லை. பிலாத்துவின் குரலும் இல்லை, ஆண்டவரின் குரலும் இல்லை. சோறு ஆக்கி வச்சிக்கினு என்பது முதல் யாரு கேட்டா என்பது வரைக்கும், அவள் பேசியது பேசியபடி, ஓர் எழுத்து பிசகாமல் சொல்லிக்கொண்டே போனார். ஒரு 'சோறு'கூட 'அன்னம்' ஆகவில்லை. மூன்று நாளாக இதை மனதுக்குள் எத்தனை முறை சொல்லிப் பார்த்திருந்தால் இப்படி வரும் என்று நினைத்துக்கொண்டே வினோதினி எழுதினாள்.

அவள் அடுத்த வரியை எழுதப் போனாள். "இரு" என்றார். "அங்க நீ நிறுத்துன. ஒரு மூச்சு வுட்ட. அத எழுதாம வுட்டா அடுத்தது நிக்காது."

மூச்சை எழுதினாள். "'குடு. ஒரு பக்கம் நான் புடிச்சிக்கிறேன்'" என்று ஆரம்பித்தவர், 'குடுறா' வரைக்கும் சொல்லிவிட்டுத்தான் சட்டைப் பொத்தானைப் போட்டார். 

முத்தம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, நண்டைப் பற்றி மறுபடி பேசவில்லை. பிரியதர்ஷினி தாளை வாங்கி ஒருமுறை படித்தாள்.

"இதுக்கு மகன் என்னா சொல்றாருங்க? அன்னிக்கு நீங்க ஏதோ பேசுனீங்க சார், எனக்குத்தான் ஞாபகம் இல்ல. அதையும் சொன்னீங்கன்னா முழுசா இருக்கும்."

சகாயராஜுக்கு அது தலைகீழ்ப் பாடம். இருபத்திரண்டு வருஷமாக அவரே எழுதி, அவரே முழங்கிய வரி. வாயைத் திறந்தார். மூடினார். பிறகு முதல் தடவையாகத் திரும்பி மகளைப் பார்த்தார்.

"அதுக்குப் பதில் இன்னும் யாரும் எழுதலம்மா" என்றார். "அவதான் எழுதணும். நாளைக்குக் காலையில எட்டு மணி புதுச்சேரி பஸ்ஸுல எடுத்துக்கினு வருவா."

சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு உப்பளத்துக்குக் கிளம்பினார். ஏற்கெனவே ரொம்ப நேரமாகியிருந்தது.